இரைச்சலிலிருந்து இசை: அன்றாட ஒலிகளைப் பதிந்து இசை அமைக்கும் முறை

இசை என்றதும் நம் நினைவுக்கு வருவன குரல், வீணை, குழல், முழவு முதலியன. வண்டிச் சக்கரத்தின் உருளொலி, கிணற்றுக் கப்பியின் கிறீச்சொலி, பாத்திரங்கள் ஒன்றோடொன்று மோதும் ஓசை ஆகியவற்றை எவரும் இசையென்று கருதுவதில்லை. அவற்றை இரைச்சல் என்ற ஒரே சொல்லால் ஒதுக்கிவிடுகிறோம். ஆயினும், இருபதாம் நூற்றாண்டின் இடைப்பகுதியில், இவ்வாறு ஒதுக்கப்பட்ட ஒலிகளையே பதிவு செய்து, வெட்டி, ஒட்டி, அடுக்கி இசை அமைக்கும் முறையொன்று தோன்றி, உலகின் பல நாடுகளுக்கும் பரவிற்று. இன்று திரைப்படங்களில் நாம் கேட்கும் ஒலியமைப்பிலும், பதிந்த ஒலித்துண்டைப் பாட்டில் மீண்டும் மீண்டும் வரச்செய்யும் வழக்கத்திலும் அதன் செல்வாக்கைக் காணலாம்.

இம்முறை எவ்வாறு தோன்றியது, அதன் அடிப்படையிலுள்ள ஒலியியல் உண்மைகள் யாவை, அது இசைதானா என்ற வினாவுக்கு அதை உருவாக்கியவர்கள் என்ன விடை கண்டனர், பள்ளியிலும் களத்திலும் பணிபுரிவோர்க்கு அதனால் என்ன பயன் ஆகியவற்றை இக்கட்டுரையில் காண்போம்.

இசையொலியும் இரைச்சலும்

பௌதிக நூல்கள் ஒலிகளை இரு வகையாகப் பிரிப்பது வழக்கம். ஒரே சீரான அதிர்வுகள் மீண்டும் மீண்டும் நிகழுமானால் திட்டமான சுருதி பிறக்கிறது, அது இசையொலி. அதிர்வுகள் ஒழுங்கின்றி நிகழுமானால் அது இரைச்சல். ஜெர்மானிய விஞ்ஞானி ஹெல்ம்ஹோல்ட்ஸ் 1863ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் இப்பாகுபாட்டைத் தெளிவாக விளக்கினார். இழுத்துக் கட்டிய தந்தி ஒன்றை மீட்டினால், அடிப்படைச் சுரத்தோடு, அதன் அதிர்வெண்ணைப் போல் இரு மடங்கு, மும்மடங்கு, நான்மடங்கு அதிர்வெண் கொண்ட மேற்சுரங்களும் எழுகின்றன. இவ்வொழுங்கே அதன் இனிமைக்குக் காரணம். இழுத்துக் கட்டிய வெறும் தோலைத் தட்டினாலோ, மேற்சுரங்கள் இத்தகைய முழு எண் மடங்குகளாக அமைவதில்லை. ஆதலால் பறை வகைகள் பலவற்றில் திட்டமான சுருதி கேட்பதில்லை.

ஆனால் இவ்விரு வகைகளுக்கும் இடையே மதிற்சுவர் எதுவும் இல்லை. மிருதங்கம், தபலா ஆகியவற்றின் தோலின் நடுவில் இடப்படும் கரும்பூச்சு, தோலின் அதிர்வுகளை ஒழுங்குபடுத்தி, முதல் ஐந்து சுரங்களும் தந்தியின் சுரங்களைப் போல் முழு எண் மடங்குகளாக அமையுமாறு செய்கிறது என்பதைச் சர் சி. வி. இராமன் 1920ஆம் ஆண்டிலும் 1934ஆம் ஆண்டிலும் வெளியிட்ட ஆராய்ச்சிகளில் நிறுவினார். இரைச்சல் எழுப்பவேண்டிய தோலை இசை எழுப்பச் செய்தவர்கள், பெயரறியாத நம் கைவினைஞர்கள். மேலும், குழலோசையில் காற்றின் உரசலும், பாடகர் குரலில் வல்லின மெய்களின் வெடிப்பும் கலந்தே உள்ளன. அவற்றை அறவே நீக்கினால் குழல் குழலாகவும், பாட்டு பாட்டாகவும் இராது. எனவே, இரைச்சல் இசைக்குப் புறம்பானதன்று. அதை எவ்வாறு ஒழுங்குபடுத்துவது என்பதே வினா.

முன்னோடிகள்

இவ்வினாவை வெளிப்படையாக எழுப்பியவர்களுள் ஒருவர் இத்தாலிய ஓவியரான லூயிஜி ருஸ்ஸோலோ. இயந்திர நகரத்தில் வாழும் மனிதனின் செவிக்குப் பழைய வாத்தியங்கள் போதா என 1913ஆம் ஆண்டு அவர் ஓர் அறிக்கை வெளியிட்டார். உறுமல், சீறல், வெடிப்பு போன்ற ஒலிகளை எழுப்பும் பெட்டிகளையும் அவர் செய்தார். ஆனால் அவர் செய்தவை புதிய வாத்தியங்களே. தெருவின் ஒலியைப் பிடித்து வைக்கும் வசதி அன்று அவருக்கு இல்லை.

அவ்வசதியைப் பேசும்படம் அளித்தது. படச்சுருளின் ஓரத்தில் ஒலியை ஒளிக்கோடாகப் பதியும் முறை வந்தபின், ஜெர்மனியில் வால்ட்டர் ருட்மன் என்பவர் 1930ஆம் ஆண்டு படமே இல்லாத ஒரு படத்தைத் தயாரித்தார். அதில் ஒலி மட்டுமே உண்டு. பெர்லின் நகரத்து உழைப்பாளர் சனிக்கிழமை வேலையை முடித்து, ஓய்வு நாளைக் கழித்து, மீண்டும் வேலைக்குத் திரும்புவதை, இயந்திரங்கள், வண்டிகள், மணிகள், பேச்சுகள் ஆகியவற்றின் துணுக்குகளை ஒட்டி ஏறத்தாழ 11 நிமிடங்களில் அவர் கேட்கச் செய்தார்.

1944ஆம் ஆண்டு கெய்ரோவில், ஹலிம் எல்-டாப் என்ற இளைஞர், உலோகக் கம்பியில் ஒலியைப் பதியும் கருவியொன்றைக் கடனாகப் பெற்று, பேயோட்டும் சடங்கொன்றில் பெண்கள் பாடியதைப் பதிந்தார். பிறகு வானொலி நிலையத்துக் கருவிகளின் உதவியால் அதிலிருந்து சொற்களையும் தாளத்தையும் மங்கச் செய்து, எதிரொலிகளைச் சேர்த்து, ஒலியின் உட்கூறு மட்டும் எஞ்சுமாறு செய்தார். களத்தில் பதிந்த ஒலியை இசைக்கு மூலப்பொருளாகக் கொண்ட மிகப் பழைய முயற்சிகளுள் இது ஒன்று.

பாரிஸ் நகரத்து வானொலிப் பொறியாளர்

இம்முயற்சிகளை ஒரு முறையாக வகுத்தவர் பிரான்ஸ் நாட்டைச் சேர்ந்த பியர் ஷெஃபர் ஆவார். இவர் 1910ஆம் ஆண்டு நான்சி நகரில் பிறந்தார். பெற்றோர் இருவரும் இசைத்துறையினர்; ஆனால் மகன் பயின்றதோ பொறியியல். 1936ஆம் ஆண்டு வானொலிப் பணியில் சேர்ந்த அவர், உலகப் போர்க் காலத்தில் வானொலிக் கலைக்கென ஒரு சோதனைக் கூடத்தைப் பாரிஸில் நிறுவினார்.

1948ஆம் ஆண்டில் அக்கூடத்தில் ஒலிநாடா இல்லை. இருந்தவை, ஒலியை நேரடியாகத் தட்டில் வெட்டிப் பதியும் கருவிகள், ஒலித்தட்டுகளைச் சுழற்றும் மேசைகள், மைக் எனப்படும் ஒலிவாங்கிகள், ஒலியைக் கூட்டவும் குறைக்கவும் கலக்கவும் உதவும் திருகுகள் ஆகியவையே. வானொலி நாடகங்களுக்குப் பின்னணி ஓசை தரும் தட்டுகளும் இருந்தன. இத்தகைய எளிய சாதனங்களைக் கொண்டு அவர் கண்ட இரு உண்மைகள், பின்னர் வந்த அனைத்திற்கும் அடித்தளமாயின.

முதற் கண்டுபிடிப்பு: மூடிய பள்ளம்

ஒலித்தட்டில் உள்ள பள்ளக்கோடு, விளிம்பிலிருந்து நடுவை நோக்கிச் சுருளாகச் செல்கிறது என்பது யாவரும் அறிந்ததே. அக்கோடு சுருளாகச் செல்லாமல் தன்னிடத்திற்கே திரும்பி வட்டமாக மூடிக்கொள்ளுமானால், முள் அதைவிட்டு வெளியேற இயலாது. ஒரே துண்டு ஓயாமல் ஒலிக்கும். நிமிடத்திற்கு 78 முறை சுழலும் தட்டில் ஒரு சுற்றுக்கு ஆகும் காலம் 60ஐ 78ஆல் வகுத்தால் கிடைக்கும். அதாவது ஏறத்தாழ முக்கால் விநாடி.

கீறல் விழுந்த தட்டு ஒரே சொல்லைத் திரும்பத் திரும்பச் சொல்வதைக் கேட்டு நாம் எரிச்சலடைந்து முள்ளைத் தூக்கிவிடுவோம். ஷெஃபர் தூக்காமல் தொடர்ந்து கேட்டார். அப்பொழுது ஒரு விந்தை புலனாயிற்று. முதல் இரண்டு மூன்று சுற்றுகளில், இது இன்னதன் ஒலி என்று மனம் அடையாளம் காண்கிறது. சுற்றுகள் தொடரத் தொடர, அவ்வடையாளம் மங்கி, ஒலியின் ஏற்ற இறக்கமும், கரகரப்பும், உள்ளே மறைந்திருந்த தாளமும் மட்டும் செவியில் மேலெழுகின்றன. பொருள் மறைந்து வடிவம் தோன்றுகிறது.

இரண்டாம் கண்டுபிடிப்பு: தலை வெட்டிய மணியோசை

மணியை அடித்தபின் சற்று நேரம் கழித்து ஒலிவாங்கியைத் திறந்து, அடியின் தொடக்கம் பதிவாகாதவாறு அவர் செய்தார். மேலும், இயல்பாகத் தேய்ந்து மறையும் ரீங்காரத்தின் உரப்பைத் திருகினால் சற்றே உயர்த்திச் சமன் செய்தார. கேட்டபோது அது மணியோசையாகவே தோன்றவில்லை. ஓபோ என்னும் ஊதுகருவியின் நீண்ட சுரம் போல் ஒலித்தது.

இதன் காரணத்தை எளிதில் விளக்கலாம். ஒரு வாத்தியத்தை நாம் அடையாளம் காண்பதற்கு உதவுவது அதன் மேற்சுரங்களின் அமைப்பு மட்டுமன்று. ஒலி தொடங்கும் விதமும் பெரிதும் உதவுகிறது. தந்தியைச் சுண்டும் ஓசை, விரல் தோலைத் தொடும் ஓசை, நாவு மணியை அறையும் ஓசை ஆகியவை ஒரு விநாடியின் சிறு பகுதியில் முடிந்துவிடினும், அவையே வாத்தியத்தின் முகவரியாகச் செவிக்குப் பயன்படுகின்றன. முகவரியைக் கிழித்துவிட்டால் கடிதம் எங்கிருந்து வந்தது என்று தெரியாது. பியானோவின் ஒலிப்பதிவைப் பின்னோக்கி ஓட்டினால், மெல்லத் தொடங்கித் திடீரென முடியும் அவ்வொலி ஹார்மோனியத்தை நினைவூட்டுவதும் இதனாலேயே.

இருப்புப்பாதைப் பயிற்சி

1948ஆம் ஆண்டு மே மாதத்தில் ஷெஃபர் பதிவுக் கருவிகளுடன் பாரிஸின் பத்தினியோல் இரயில் நிலையத்திற்குச் சென்றார். நீராவி எஞ்சின்களின் ஊதல், நீராவி பீறிடும் ஓசை, பெட்டிகள் மோதிக்கொள்ளும் ஓசை, சக்கரங்கள் தண்டவாள இணைப்புகளைக் கடக்கும் தாளம் ஆகியவற்றைத் தட்டுகளில் பதிந்தார்.

இத்தாளத்தின் கணக்கை மாணவர்க்கு எளிதில் காட்டலாம். நம் நாட்டு அகலப்பாதையில் ஒரு தண்டவாளத்தின் வழக்கமான நீளம் 13 மீட்டர். வண்டி மணிக்கு ஏறத்தாழ 47 கிலோமீட்டர் வேகத்தில், அதாவது விநாடிக்கு 13 மீட்டர் வீதம் சென்றால், ஒரு சக்கரம் விநாடிக்கு ஓர் இணைப்பைக் கடக்கும். வேகம் இரு மடங்கானால் தாளமும் இரு மடங்காகும். அருகருகே அமைந்த சக்கரங்கள் ஒன்றன்பின் ஒன்றாக அவ்விடைவெளியைத் தாக்குவதால்தான் ஒற்றை ஓசைக்குப் பதில் இரட்டை ஓசை கேட்கிறது. இயற்பியல் விதி ஒன்று தானாகவே தாளமாக அமைந்திருப்பதை இங்குக் காண்கிறோம்.

இப்பதிவுகளிலிருந்து துண்டுகளைத் தேர்ந்து, சிலவற்றை மூடிய பள்ளங்களாக்கி, பல சுழல் மேசைகளில் ஒரே சமயத்தில் ஓட்டி, வெளிவரும் கலவையை வேறொரு தட்டில் வெட்டிச் சேர்த்தார். தவறு நேர்ந்தால் அழித்துத் திருத்த வழியில்லை. புதிய தட்டில் முதலிலிருந்து தொடங்கவேண்டும். இவ்வாறு உழைத்து அமைத்த இசை ஏறத்தாழ 3 நிமிடமே நீடிப்பது. இதுவும், சமையற் பாத்திரங்கள், பியானோ முதலியவற்றின் ஒலிகளால் அமைந்த வேறு சில பயிற்சிகளும், 1948 அக்டோபர் 5ஆம் நாள் இரைச்சல்களின் கச்சேரி என்ற பெயரில் வானொலியில் ஒலிபரப்பப்பட்டன.

இம்முறைக்கு அவர் இட்ட பெயர் மியூசிக் கோன்க்ரேத் என்பது. இதைத் தமிழில் பருவொலி இசை எனலாம். வழக்கமான முறையில் இசை அமைப்பவர் முதலில் மனத்தில் சுரங்களைக் கற்பித்து, ஏட்டில் குறித்து, பின்னர் வாத்தியங்களால் ஒலிக்கச் செய்கிறார். அதாவது நுண்மையிலிருந்து பருமைக்கு வருகிறார். இம்முறையிலோ, காதால் கேட்கத்தக்க பருமையான ஒலி முதலில் உள்ளது; அதைக் கேட்டுக் கேட்டு, அதிலிருந்து அமைப்பு பின்னர் உருவாகிறது. பெயரின் பொருள் இதுவே.

ஒலிநாடாவும் கத்தரிக்கோலும்

1949ஆம் ஆண்டு பியர் ஆன்ரி என்ற இளம் இசைவாணர் ஷெஃபருடன் சேர்ந்தார். மூச்சு, காலடி, கூவல், சீழ்க்கை போன்ற மனித ஒலிகளைக் கொண்டு இருவரும் அமைத்த நீண்ட இசைப்படைப்பு 1950 மார்ச் 18ஆம் நாள் பாரிஸில் அரங்கேறியது. மேடையில் வாத்தியக்காரர் எவரும் இல்லை, ஒலிபெருக்கிகளே பாடின.

1951ஆம் ஆண்டு அக்கூடத்தில் காந்த ஒலிநாடாக் கருவிகள் வந்ததும் வேலை பெரிதும் எளிதாயிற்று. விநாடிக்கு 38 சென்டிமீட்டர் வேகத்தில் ஓடும் நாடாவில், விநாடியில் பத்திலொரு பங்கு என்பது 3.8 சென்டிமீட்டர் நீளம். காலத்தை அளவுகோலால் அளந்து, கத்தரிக்கோலால் வெட்டி, பசைநாடாவால் ஒட்டலாம் என்ற நிலை ஏற்பட்டது. நாடாவை நேராக வெட்டி ஒட்டினால் ஒரு ஒலியிலிருந்து மற்றொன்றுக்கு மாறுதல் சட்டென நிகழும்; சாய்வாக வெட்டி ஒட்டினால், ஒன்று தேய மற்றொன்று வளரும். நாடாவின் இரு முனைகளையும் ஒட்டி வளையமாக்கினால் மூடிய பள்ளத்தின் பயன் கிட்டும். அதன் காலமும் தட்டின் சுற்றுக்குக் கட்டுப்படாமல், வேண்டிய அளவில் அமையும்.

வேகமாற்றத்தின் விளைவும் கவனிக்கத்தக்கது. பதிந்ததை இரு மடங்கு வேகத்தில் ஓட்டினால் சுருதி ஒரு ஸ்தாயி உயரும். நேரமோ பாதியாகக் குறையும். ஒரு ஸ்தாயியில் உள்ள 12 சுரஸ்தானங்களுள் ஒன்றிலிருந்து அடுத்ததற்குச் செல்ல, வேகத்தை ஏறத்தாழ 6 சதவீதம் கூட்டினால் போதும். இவ்வுண்மையைப் பயன்படுத்தி, பொறியாளர் ஜாக் பூலன் 12 கட்டைகளும் 12 வேகங்களும் கொண்ட கருவியொன்றைச் செய்தார். ஒரு கதவின் கிறீச்சொலியைக்கூட அதில் சுரவரிசையாக வாசிக்கலாம். சுருதியை மாற்றினால் நேரமும் மாறும் என்ற கட்டு, பின்னாளில் எண்முறைக் கணிப்பொறிகளால் நீங்கியது. அன்று ஒரு கூடம் நிறைய இருந்த கருவிகள் செய்த வேலையை இன்று சட்டைப்பையில் உள்ள கைப்பேசி செய்கிறது.

இது இசைதானா?

இவ்வினாவை முதலில் எழுப்பியவர்கள் எதிர்ப்பாளர்கள் அல்லர், ஷெஃபர்தான். இருப்புப்பாதைப் பயிற்சியைக் கேட்போர், ஒலியின் வடிவைக் கேட்பதற்கு மாறாக, இதோ வண்டி புறப்படுகிறது, இதோ வேகம் எடுக்கிறது என்று கதையைக் கேட்டனர். கதை இருக்குமிடத்தில் அது நாடகமேயன்றி இசையாகாது என்று அவர் கருதினார். ஆதலால், மூலம் தெரியாதவாறு ஒலியை மாற்றுவதில் அவருடைய கவனம் சென்றது. தத்துவஞானி பிதாகோரஸ் திரைக்குப் பின்னிருந்து பாடம் சொன்னதாகவும், முகம் காணாத மாணவர்கள் சொல்லில் மட்டுமே கருத்தூன்றியதாகவும் ஒரு பழங்கதை உண்டு. ஒலிபெருக்கியும் அத்தகைய திரையே என்றார் ஷெஃபர். எதன் ஒலி என்று கேளாமல், என்ன பொருள் என்றும் கேளாமல், ஒலியை ஒலியாகவே கேட்கும் பயிற்சியை அவர் வற்புறுத்தினார். அவ்வாறு கேட்கப்படும் ஒலிகளை வகைப்படுத்தும் பெருநூல் ஒன்றை 1966ஆம் ஆண்டு வெளியிட்டார்.

ஆயினும் அவருடைய ஐயம் தீர்ந்தபாடில்லை. 1980களில், முதுமையில் அளித்த பேட்டியொன்றில், சுரங்களுக்கு அப்பால் ஓர் இசையைக் காணும் தம் முயற்சி வெற்றி பெறவில்லை என்ற பொருள்படப் பேசினார். 1995ஆம் ஆண்டு அவர் மறைந்தார். தாம் தொடங்கிய துறை உலகெங்கும் பரவியிருந்தபோதே அதன் தந்தை இவ்வாறு கூறியது, விஞ்ஞான மனப்பான்மைக்கு ஓர் எடுத்துக்காட்டு எனலாம்.

மற்றொரு வழி: மூலத்தை மறைக்காமை

ஷெஃபருடன் பணிபுரிந்த லூக் ஃபெராரி என்பவர் எதிர்த்திசையில் சென்றார். 1968ஆம் ஆண்டு அன்றைய யூகோஸ்லாவியாவின் கோர்ச்சுலா தீவில் உள்ள வேலா லூக்கா என்னும் மீனவர் ஊரில் தங்கியிருந்தபோது, தம் அறையின் சன்னலில் ஒலிவாங்கியை வைத்து, பல நாட்கள் விடியற்காலையின் ஒலிகளைப் பதிந்தார். படகின் எஞ்சின், கழுதையின் கத்தல், குழந்தைகளின் பேச்சு, பெண்ணொருத்தியின் பாட்டு, சில்வண்டின் ஒலி ஆகிய அனைத்தும் இன்னவென்று தெளிவாகத் தெரியும்படி விட்டு, ஏறத்தாழ 21 நிமிடங்களுக்குள் ஒரு விடியலை அமைத்தார். 1970ஆம் ஆண்டு அது இசைத்தட்டாக வெளிவந்தது. அதில் வெட்டும் ஒட்டும் இருப்பதே தெரிவதில்லை. இங்கு இசையமைப்பாளர் செய்தது தேர்வும் வரிசையுமே.

கனடா நாட்டில் ஆர். மரே ஷேஃபர் என்பவர் (பெயர் ஒத்திருப்பினும் இவர் வேறொருவர்) தம் மாணவர்களுடன் ஊர்களின் ஒலிச்சூழலை ஆராய்ந்தார். ஓர் ஊருக்குக் கோபுரம் அடையாளமாவது போல் சில ஒலிகளும் அடையாளமாகின்றன என்றும், அவை மறையும்போது எவரும் கவனிப்பதில்லை என்றும் அவர்கள் எடுத்துக்காட்டினர். 1973ஆம் ஆண்டு வான்கூவர் நகரத்தின் ஒலிகளை ஒரு தொகுப்பாக வெளியிட்டனர். அக்குழுவில் பணியாற்றிய ஹில்டகார்ட் வெஸ்டர்காம்ப் என்ற அம்மையார், புது தில்லித் தெருக்களில் கூவி விற்போரின் குரல்களைக் கொண்டு 1997ஆம் ஆண்டு ஓர் இசைப்படைப்பை அமைத்தார். நமக்கு அன்றாடம் கேட்டுப் பழகிப்போன குரல்கள், வெளிநாட்டார் ஒருவரின் செவிக்கு இசைப்பொருளாகத் தோன்றின என்பது சிந்திக்கத்தக்கது.

நம் நாட்டிலும் இத்துறைக்கு ஒரு தொடக்கம் உண்டு. அகமதாபாத்திலுள்ள தேசிய வடிவமைப்பு நிறுவனத்தில், அமெரிக்க இசைவாணர் டேவிட் டியூடரின் உதவியுடன் 1969ஆம் ஆண்டு மின்னணு இசைக்கூடம் ஒன்று அமைக்கப்பட்டது. கீதா சாராபாய் முதலிய இந்தியர் சிலர் அங்கு ஒலிநாடாவில் இசை அமைத்தனர். சில ஆண்டுகளில் அம்முயற்சி நின்றுபோயிற்று. நிறுவனத்தின் காப்பகத்தில் கிடந்த நாடாக்கள் 2017ஆம் ஆண்டு மீண்டும் கவனத்திற்கு வந்து, 2023ஆம் ஆண்டு இசைத்தட்டாக வெளிவந்தன. பதிந்து வைத்ததனால்தான் அவை ஏறத்தாழ அரை நூற்றாண்டு கழித்தும் மீண்டன.

இரு வகைக் கேள்வியும் வேண்டும்

மேற்கூறிய இரு வழிகளில் எது சரி என்று முடிவு கட்டுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. பத்தினியோல் நிலையப் பதிவு ஒன்றே இரண்டின் தேவையையும் உணர்த்தும். எஞ்சினை மறந்து ஒலியை மட்டும் கேளுங்கள் என்று ஷெஃபர் விரும்பினார். ஆனால் இன்று அப்பதிவைக் கேட்போர்க்கு, வழக்கமான பணியிலிருந்து மறைந்துவிட்ட நீராவி எஞ்சின்களின் குரல் அதில் உயிரோடிருப்பதே பெரும் வியப்பாகத் தோன்றுகிறது. நம் நாட்டிலும் நீராவி எஞ்சின்கள் பொதுப் போக்குவரத்திலிருந்து பெரும்பாலும் விடைபெற்றுவிட்டன. முதன்மைப் பாதைகளில் தண்டவாளங்கள் நெடுந்தொலைவுக்குப் பற்றவைக்கப்படுவதால், முன்பு ஒவ்வொரு பயணியையும் தாலாட்டிய தாளமும் பெரிதும் அடங்கிவிட்டது. தாளத்தின் வடிவை உணராதவன் அதைப் பதிந்து வைக்கத் துணிந்திருக்கமாட்டான். அதன் மூலத்தை மறந்தவன் அதன் இழப்பை உணரமாட்டான்.

கமலை, ஏற்றம், கைத்தறி, அம்மி, உரல் ஆகியவற்றின் ஒலிகள் நம் ஊர்களிலும் அருகி வருகின்றன. அவற்றை நாள்தோறும் செவிமடுக்கும் வாய்ப்புப் பெற்றவர்கள், ஊர் ஊராகச் செல்லும் களப்பணியாளர்களும், ஊரோடு வாழும் ஆசிரியர்களுமே ஆவர். கருவியின் உருவம் காட்சிச்சாலையில் கிடைக்கலாம். அது வேலை செய்யும்போது எழும் ஒலி அங்குக் கிடைக்காது.

பள்ளியில் செய்தற்குரிய பயிற்சி

விலையுயர்ந்த சாதனம் எதுவும் இதற்குத் தேவையில்லை. ஒரு கைப்பேசி போதும்.

முதலாவதாக, மாணவர்களை வெளியில் அமரச்செய்து, ஐந்து நிமிடம் பேசாமல் கேட்கச் செய்க. கேட்ட ஒலிகளை அவர்கள் இரு பத்திகளில் எழுதவேண்டும். ஒன்றில் எதன் ஒலி என்பது. மற்றதில், மூலத்தின் பெயரைக் கூறாமல், ஒலி எவ்வாறு தொடங்கியது, எவ்வளவு நீடித்தது, உயர்ந்ததா தாழ்ந்ததா, வழவழப்பா கரகரப்பா என்பது. இரண்டாம் பத்தியை நிரப்புவது கடினம் என்பதை அவர்களே உணர்வர். அவ்வுணர்வே பாடத்தின் தொடக்கம்.

இரண்டாவதாக, ஏதேனும் ஓர் ஒலியைத் தேர்ந்து பதிவு செய்க. ஒலிவாங்கியை மூலத்திற்கு அருகில் ஒரு முறையும், பத்தடி தள்ளி ஒரு முறையும் வைத்துப் பதிந்து ஒப்பிடுக. அருகில் வைத்தால் உராய்வும் நுண்ணொலியும், தள்ளி வைத்தால் இடத்தின் எதிரொலியும் மிகுதியாகக் கேட்கும். காற்று நேரே மோதினால் பதிவு கெடும். மெல்லிய பஞ்சோ துணியோ மறைப்பாக உதவும். கையை அசைத்தால் அவ்வோசையும் பதியுமாதலால், கருவியை நிலையான இடத்தில் வைத்தல் நலம். நாள், நேரம், இடம், கருவியின் பெயர், இயக்கியவர் ஆகியவற்றைப் பதிவின் தொடக்கத்திலேயே வாயால் கூறிச் சேர்த்துவிடுக. மக்களின் குரலைப் பதியும்போது முன்னதாக அவர்களுடைய இசைவைப் பெறுதல் வேண்டும். இரயில் நிலையம் போன்ற இடங்களில் உரியவர்களின் அனுமதி இன்றிப் பதிவு செய்யலாகாது.

மூன்றாவதாக, ஒலியைத் திருத்தும் எளிய நிரல்கள் பல இலவசமாகவே கிடைக்கின்றன. மணியோசையின் தொடக்கத்தை வெட்டிக் கேட்கச் செய்க. மாணவர்கள் அதன் மூலத்தைக் கண்டுபிடிக்கிறார்களா என்று பார்க்க. ஓர் ஒலியைப் பாதி வேகத்தில் ஓட்டி, ஒரு ஸ்தாயி தாழ்வதைக் காட்டுக. உரலின் இடி ஒன்றை வளையமாக்கி, அதன்மேல் வேறோர் ஒலியை அடுக்குக. இறுதியில், ஐந்து ஒலிகளுக்கு மேற்படாமல், ஒரு நிமிட அளவில் ஓர் அமைப்பை ஒவ்வொரு குழுவும் செய்யட்டும். எதைச் சேர்ப்பது என்பதைவிட எதை நீக்குவது என்பதே அவர்களை அதிகமாகச் சிந்திக்கவைக்கும்.

வெட்டியும் மாற்றியும் செய்த படைப்பு ஒருபுறமிருக்க, மாற்றம் செய்யாத மூலப்பதிவைத் தனியே பாதுகாத்தல் மிக முக்கியம். ஒரு படியைப் பள்ளியிலும் மற்றொரு படியை வேறிடத்திலும் வைக்கலாம். படைப்பு நன்றாக அமையாமற்போனால் மறுமுறை செய்துகொள்ளலாம். ஊரின் கடைசிக் கமலை நின்றபின் அதன் ஒலியை மறுமுறை பதிய இயலாது.